செம்மண் மேடு, உப்பு வெளி

கிழக்குக் கடற்கரைச் சாலையில் மரக்காணத்திலிருந்து தெற்கே வந்தால், சுமார் 25 கிலோமீட்டருக்குள் மண் மூன்று நிறம் காட்டிவிடும். மரக்காணத்தில் உப்பளத்தின் வெள்ளை. அனுமந்தை பக்கம் சவுக்கும் தென்னையும் நிற்கும் வெளிறிய கடல்மணல். பொம்மையார்பாளையத்தில் மேற்கே திரும்பி ஏறினால் செம்மண். அந்த ஏற்றம் காரில் போகிறவருக்குத் தெரியாது. சைக்கிள் மிதிக்கிறவருக்கு முழங்காலில் தெரியும். மேட்டின் உச்சி கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 50 மீட்டர். 1968-ல் பல நாட்டவர் கூடித் தொடங்கிய ஆரோவில் நகரம் அந்த மேட்டின் மேல் இருக்கிறது. பெய்த மழை நிற்குமா, மண்ணை வாரிக்கொண்டு கடலுக்கு ஓடுமா என்பதுதான் இந்த மேட்டின் பழைய வழக்கு. மற்றதெல்லாம் அதற்குப் பிறகு வந்தது.

*

இங்கிலாந்தில் வசதியான சிற்றூர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஊர்க்காரர்களே தங்கள் ஊரின் வரலாற்றை எழுதி வைத்துக்கொள்வார்கள். தேவாலயம் எந்த நூற்றாண்டு, பொதுமேய்ச்சல் நிலம் எப்போது வேலியடைக்கப்பட்டது, பெரிய வீடு யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது, ஓடை எங்கே திரும்புகிறது எல்லாம் அதில் இருக்கும். பெரும்பாலும் 1086-ல் தொடங்குவார்கள். அந்த ஆண்டில்தான் வில்லியம் மன்னர் நாட்டின் நிலம், உழவு மாடு, ஆலை எல்லாவற்றையும் கணக்கெடுத்துப் பதிந்தார். டூம்ஸ்டே புத்தகம் என்று அதற்குப் பெயர். அதில் ஊர்ப்பெயர் இருந்தால் அந்த ஊருக்கு ஒரு கம்பீரம்.

அதே 1086-ல் சோழ நாட்டிலும் நிலம் அளந்தார்கள். அளக்கச் சொன்னவர் முதலாம் குலோத்துங்கன். இரண்டும் ஒரே ஆண்டு என்பதைப் படித்த அன்று வெகுநேரம் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். இங்கிலாந்துக்காரர்கள் அந்தக் கணக்கைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு ஊருக்கும் வரலாறு எழுதிக்கொண்டார்கள். நம் ஊர்களின் கணக்கு கோயில் சுவரில் சுண்ணாம்புக்கு அடியில் கிடக்கிறது.

ஆரோவிலைப் பற்றி எத்தனையோ மொழிகளில் புத்தகங்கள் இருக்கின்றன. அதைச் சுற்றியுள்ள குயிலாப்பாளையம், இடையன்சாவடி, ஆலங்குப்பம், கோட்டக்கரை, இரும்பை, மாத்தூர், பூத்துறை பற்றி அந்த அளவுக்கு யாரும் எழுதவில்லை. இந்த நோட்டுப் புத்தகத்தை எடுத்ததற்கு அந்த மனக்குறைதான் காரணம்.

*

ஊர்ப்பெயர்களை ஒரு பக்கம் முழுக்க எழுதிப் பார்த்தேன்.

இடையன்சாவடி. சின்னமுதலியார்சாவடி. பெரியமுதலியார்சாவடி. சாவடி என்றால் வழிப்போக்கர் தங்கிப்போகும் இடம். பக்கம் பக்கமாக மூன்று சாவடிகள் இருக்கின்றன என்றால் இது ஆள் நடமாட்டமுள்ள வழியாகத்தான் இருந்திருக்க வேண்டும். கோட்டக்குப்பத்தில் குப்பம் இருக்கிறது, குயிலாப்பாளையத்தில் பாளையம். வானூருக்கு அப்பால் உப்புவேலூர், பெயரிலேயே உப்பு.

ஆரோவிலின் குடியிருப்புகளுக்கு வேறு வகைப் பெயர்கள். ஆஸ்பிரேஷன், சர்ட்டிட்யூட், டிசிப்ளின், ஃபெர்டைல், சின்சியரிட்டி. பெரும்பாலும் அகத்தின் குணங்கள். நம் பெயர்கள் நிலத்தையும் தொழிலையும் சாதியையும் சுமக்கின்றன. அவர்களுடைய பெயர்கள் விருப்பங்களைச் சுமக்கின்றன. ஆரண்யா, பிச்சாண்டிக்குளம் என்று இரண்டுக்கும் நடுவில் வந்த பெயர்களும் உண்டு. பிச்சாண்டிக்குளம் என்று சொல்லும்போது எனக்கு நிம்மதியாக இருக்கிறது. அங்கே ஒரு குளம் இருந்தது, அதற்கு ஒரு பெயர் இருந்தது, வந்தவர்கள் அதை மாற்றவில்லை.

இன்னொரு சிக்கல், எல்லை. ஆலங்குப்பம் புதுச்சேரிக்குச் சேர்ந்தது. பக்கத்தில் இடையன்சாவடி தமிழ்நாடு. பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் சண்டையும் சமாதானமுமாக நிலத்தைப் பங்கிட்டபோது விழுந்த கட்டங்கள் அப்படியே நிற்கின்றன. புதுச்சேரி 1954 நவம்பர் 1-ல் இந்தியாவின் கைக்கு வந்தது. சட்டப்படியான ஒப்படைப்பு 1962 ஆகஸ்ட் 16-ல் முடிந்தது. கட்டங்கள் மட்டும் அழியவில்லை. ஒரே தெருவில் நடந்துகொண்டே இரண்டு அரசுகளின் ரேஷன் கடைகளைக் கடக்கலாம்.

*

"1968-க்கு முன்னால் இங்கே ஒன்றுமில்லை, வெறும் பொட்டல்." ஆரோவிலுக்கு வருகிற எவரும் இந்த வாக்கியத்தை ஒரு முறையாவது கேட்டுவிடுவார்கள். பழைய படங்களைப் பார்த்தால் பாதி உண்மைதான். சிவந்த, வெடித்த மேடு. அங்கங்கே ஒற்றைப் பனை. மழைநீர் அறுத்துப் போட்ட ஆழப் பள்ளங்கள். மரங்களை வெட்டினார்கள், விறகாக்கினார்கள், ஆடு மாடு மேய்ந்தது, மேல்மண் கரைந்தது. கரைந்த பிறகு அடியிலிருந்த இறுகல் வெளியே வந்தது. அதன் மேல் விழுந்த மழை உள்ளே இறங்காமல் ஓடியது. ஒவ்வொரு ஐப்பசியிலும் கடலோரம் சிவப்பாகும் என்று பெரியவர்கள் சொல்வார்கள்.

ஆனால் "ஒன்றுமில்லை" என்ற சொல்லை நான் ஏற்கமாட்டேன். அந்த மண்ணில் கம்பும் வரகும் மல்லாட்டையும் போட்டு, முந்திரி நட்டு, மழை பார்த்துப் பிழைத்த ஊர்கள் இருந்தன. ஏரிகள் இருந்தன. அய்யனார் இருந்தார். பொட்டல் என்பது நிலத்தின் பிறவிக் குணமுமல்ல. அதை அப்படி ஆக்கினார்கள். ஆக்கியதற்குக் காரணங்கள் இருந்தன.

வடமேற்கே திருவக்கரைக்குப் போனால் காலக்கணக்கு தலைகீழாகும். அங்கே கல்லாய்ப்போன மரங்கள் கிடக்கின்றன. வயது ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகள். வேரும் கிளையும் இல்லாத அடிமரங்கள். எங்கிருந்தோ வெள்ளம் உருட்டிக்கொண்டு வந்து மணலில் புதைத்திருக்கிறது என்பது புவியியலாளர் முடிவு. பிரெஞ்சு இயற்கையியலாளர் சொன்னெரா 1781-லேயே இவற்றைப் பார்த்து எழுதியிருக்கிறார். இப்போது தேசியப் புவியியல் நினைவுச்சின்னம். ஒரு அடிமரத்தின் மேல் கை வைத்தேன். மரப்பட்டையின் வரி அப்படியே இருந்தது. வெயிலில் கல் சுட்டது.

*

1968 பிப்ரவரி 28, ஆரோவிலின் தொடக்க விழா. 124 நாடுகளிலிருந்தும் இந்திய மாநிலங்களிலிருந்தும் வந்த இளைஞர்கள் கைப்பிடி மண்ணைக் கொண்டுவந்து தாமரை வடிவத் தாழியில் போட்டார்கள். ஒரு பெரிய ஆலமரத்தின் பக்கம். அன்னை என்று அழைக்கப்பட்ட மீரா அல்ஃபாசாவுக்கு அப்போது 90 வயது. விழாவுக்கு நேரில் வர முடியவில்லை, அவர் குரல் வானொலி வழியாக வந்தது. நகரத்தை வரைந்தவர் பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் ரோஜர் ஆஞ்சே. சுழலும் விண்மீன் திரளைப் போன்ற வட்டம், 50,000 பேருக்கு. வட்டத்தைச் சுற்றிப் பசுமை வளையம்.

வட்ட நகரம், சுற்றிலும் பசுமை என்ற எண்ணம் அதற்கு எழுபது ஆண்டு முன்பே இங்கிலாந்தில் எபனேசர் ஹோவர்ட் வரைந்தது. அவருடைய தோட்ட நகரமான லெட்ச்வர்த் 1903-ல் தொடங்கியது. அங்கே நிலம் தனியாருக்கல்லாமல் ஊருக்குச் சொந்தமாக இருக்க வேண்டும் என்பது அடிப்படை. ஆரோவில் சாசனமும் இந்த இடம் யாருக்கும் தனிச் சொந்தமில்லை என்கிறது. ஹோவர்டும் அன்னையும் பார்த்த கனவு வேறு வேறுதான். ஆனால் நிலத்தைச் சொத்தாக்கிவிட்டால் ஊர் கெட்டுவிடும் என்ற அச்சம் இருவருக்கும் இருந்திருக்கிறது.

நிலம் இங்கே யாரிடமிருந்து வந்தது என்பதையும் எழுதி வைக்க வேண்டும். பெரும்பகுதி இந்த ஊர்க்காரர்கள் விற்றது. மானாவாரி மேடு, விளைச்சல் சொற்பம், கல்யாணச் செலவு, கடன். விற்றவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று அதே சாலையில் கடை வைத்திருக்கிறார்கள், விருந்தினர் விடுதி நடத்துகிறார்கள், அல்லது அந்தப் பக்கம் வேலைக்குப் போகிறார்கள். மூன்று வகையையும் குயிலாப்பாளையத்தின் ஒரே தெருவில் பார்க்கலாம்.

*

சட்டத்தின் கதையைச் சுருக்கமாக. 1973 நவம்பர் 17-ல் அன்னை மறைந்தபின், ஊர் யாருடைய பொறுப்பு என்பதில் ஆரோவில்வாசிகளுக்கும் ஸ்ரீ அரவிந்தர் சொசைட்டிக்கும் வழக்கு. 1980-ல் மத்திய அரசு அவசரச் சட்டத்தால் நிர்வாகத்தை எடுத்தது. 1982-ல் உச்ச நீதிமன்றம் அது செல்லும் என்றது. 1988-ல் ஆரோவில் ஃபவுண்டேஷன் சட்டம். 2021 டிசம்பரில் வட்டச் சாலைக்காக இயந்திரங்கள் காட்டுக்குள் வந்தன, மரங்கள் சாய்ந்தன, ஊர் இரண்டுபட்டது. 2022-ல் பசுமைத் தீர்ப்பாயம் கட்டுப்பாடு விதித்தது. 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நீக்கியது. இன்று அங்கே வசிப்பவர்கள் சுமார் 3,300 பேர், அவர்களில் ஏறத்தாழ பாதிப் பேர் இந்தியர்.

வரைபடத்திலுள்ள வட்டம் பெரிதா, வளர்ந்து நிற்கும் மரம் பெரிதா என்று என்னைக் கேட்டால் தயங்காமல் மரம் என்பேன். இந்த மேட்டில் ஒரு மரம் நிற்பதன் விலை என்னவென்று தெரிந்த பிறகு வேறு பதில் சொல்ல முடியவில்லை.

*

மரம் வந்த விதம்.

முதலில் நீர். மேட்டின் சரிவெங்கும் கரை கட்டினார்கள். குறுக்கே வரப்பு, பள்ளத்துக்குள் அணை, மேலே குட்டை. விழுகிற இடத்திலேயே மழையை நிறுத்த வேண்டும். பிறகு எதையும் தாங்கும் மரங்கள். ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த கத்திச்சவுக்கு அப்போது மிகவும் உதவியது. காற்றைத் தடுத்தது, இலை உதிர்த்து மண்ணை மூடியது. அதன் நிழலில் இந்த மண்ணின் சொந்த மரங்களை நட்டார்கள். அவற்றின் காடு, மழை குறைந்த கரையிலும் இலை உதிர்க்காமல் பச்சையாகவே நிற்கும் காடு. உலர் பசுமைமாறாக் காடு என்று தாவரவியலில் சொல்வார்கள். வீரை, பாலை, காசா, கருங்காலி. இலை சிறிது, தடிப்பு; மரம் குட்டை; வளர்ச்சி மெதுவானது.

அந்த விதைகள் எங்கே கிடைத்தன? கோயில் காடுகளில். கீழ்ப்புத்துப்பட்டு மஞ்சனீஸ்வரர் அய்யனார் கோயிலைச் சுற்றியுள்ள காட்டில் கிளை ஒடிக்கப் பயப்படுவார்கள். சாமி கண்ணைக் குத்தும் என்ற பயம் பல நூறு ஆண்டுகளாக அந்த மரங்களைக் காத்திருக்கிறது. சுற்றிலும் எல்லாம் விறகான காலத்தில் அய்யனார் மட்டும் விதைக்கிடங்கைப் பூட்டி வைத்திருந்தார். ஆரோவில் காட்டின் தாய்வீடு இப்படிப்பட்ட கோயில் காடுகள்தான். இதை வனத்தில் வேலை செய்யும் ஆரோவில்காரர்கள் நன்றாக அறிவார்கள், சொல்லவும் செய்கிறார்கள். சுற்றுலா வருகிறவர்களின் காதுக்குத்தான் அது எட்டுவதில்லை.

ஆரோவிலின் தியான மண்டபமான மாத்ரிமந்திரின் கதையும் அப்படி. 1971 பிப்ரவரி 21-ல் அடிக்கல், முடிந்தது 2008-ல். 36 மீட்டர் விட்டமுள்ள பொன்னிறக் கோளம். அதற்குத் தோண்டிய பள்ளத்தில் மண்வெட்டியும் சட்டியுமாக வெள்ளைக்காரப் பிள்ளைகளும் இடையன்சாவடி, கோட்டக்கரை ஆட்களும் வரிசையில் நின்றிருக்கிறார்கள். பழைய படங்களில் தலையில் சட்டியோடு நிற்கும் பெண்களின் முகங்களை உற்றுப் பார்க்கிறேன். பெயர் எழுதப்படாத முகங்கள்.

*

இரும்பை. ஏரிக்கரையில் மாகாளேஸ்வரர் கோயில். சம்பந்தர் பாடிய தலம். இரும்பை மாகாளம் என்பது தேவாரப் பெயர். மூலவர் லிங்கம் பிளந்தது. செப்புத் தகட்டால் பிணைத்திருக்கிறார்கள்.

கதை தெரிந்ததே. கடுவெளிச் சித்தர் அரசமரத்தடியில் தவமிருந்தார். மழை இல்லை. தவத்தின் சூடு என்று அரசன் நினைத்தான். ஒரு நாட்டியப் பெண் அவர் கையில் அப்பளத்தை வைத்து மெல்லக் கண் திறக்க வைத்தாள்; மழை வந்தது. விழாவில் அவள் ஆடும்போது சலங்கை கழன்றது, சித்தர் குனிந்து எடுத்துப் பூட்டினார், சபை சிரித்தது. அவர் சினந்து பாடினார், லிங்கம் மூன்றாக வெடித்தது, நிலம் வறண்டு போகும் என்று சாபம். பிறகு மனமிரங்கி, தொலைவிலிருந்து மனிதர்கள் வந்து இதைப் பசுமையாக்குவார்கள் என்றாராம்.

கடைசி வரியைத்தான் ஆரோவிலில் அதிகம் சொல்கிறார்கள். வந்தவர்களுக்கு இங்கே ஓர் இடம் தரும் வரி அது. ஊர்க்காரர்களும் விரும்பித்தான் சொல்கிறார்கள். எனக்குப் பிடித்தது அதற்கு முந்திய இடம். ஒரு பெண்ணின் கால் சலங்கையைக் குனிந்து எடுத்தவரைப் பார்த்துச் சிரித்ததற்காக ஒரு நாடு வறண்டது. நிலத்தின் வறட்சிக்கு இதைவிடக் கடுமையான காரணத்தை எந்த ஊர்க் கதையிலும் நான் கேட்டதில்லை.

*

காலை எட்டு மணி, குயிலாப்பாளையம் சாலை. மொபெட், சைக்கிள், நடை. சீருடை இல்லாத ஒரு பெரிய தொழிற்சாலைக்கு ஆள் போவது போல இருக்கிறது. சமையல், தோட்டம், ஊதுவத்தி, தையல், மரவேலை, கட்டடம். ஆயிரக்கணக்கானோருக்கு இந்த மேடு கூலி தருகிறது. உதவி, இசை அம்பலம் போன்ற பள்ளிகளில் இந்த ஊர்ப் பிள்ளைகள் படிக்கிறார்கள். கவிஞர் இரா. மீனாட்சி இங்கேயே வாழ்ந்து ஊர்ப் பிள்ளைகளின் கல்விக்கு உழைத்தவர். வசதி கசிந்து கீழே வந்திருக்கிறது, அதை மறுப்பது நன்றிகேடு.

அதே வசதி நில விலையாகவும் வந்திருக்கிறது. ஊரின் கடைசித் தெருவிலும் காலனியிலும் இருக்கும் புதுக் குடும்பம் தன் ஊரிலேயே ஒரு மனை வாங்க முடியாது. இங்கிலாந்தின் அழகிய சிற்றூர்களிலும் இதே துன்பம்: வெளியூர்ப் பணம் வந்து வீடு வாங்கியதும், அங்கேயே பிறந்த தொழிலாளியின் பிள்ளை பக்கத்து நகரத்துக்குக் குடிபோகிறான். காட்சி அழகான ஊருக்கு வருகிற நோய் எங்கும் ஒன்றுதான் போலும்.

*

கடல் உண்ணும் ஊர்கள். புதுச்சேரியில் 1980-களின் இறுதியில் துறைமுகத்துக்காகக் கல் போட்டார்கள். இந்தக் கரையில் ஆண்டின் பெரும்பகுதி மணல் தெற்கிலிருந்து வடக்கே நகரும். கல் அதை மறித்தது. தெற்கே மணல் சேர்ந்தது. வடக்கே கரை கரைந்தது. கோட்டக்குப்பம், தந்திராயன்குப்பம், சின்னமுதலியார்சாவடி, பொம்மையார்பாளையம். ஒவ்வொரு குப்பத்தைக் காக்கப் போட்ட கல்லும் அரிப்பை அடுத்த குப்பத்துக்குத் தள்ளிவிட்டது. படகு இழுத்து வைக்க மணல் இல்லாத மீனவர் ஊர் எப்படி இருக்கும் என்று பார்க்க விரும்புகிறவர்கள் அங்கே போகலாம். வலையைச் சாலையோரம் உலர்த்துகிறார்கள்.

2011 டிசம்பர் 30, தானே புயல். நாற்பது ஆண்டு வளர்ந்த காடு ஒரே காலையில் சரிந்தது. கத்திச்சவுக்குதான் அதிகம் விழுந்தது, வேர் ஆழமில்லை. வீரையும் பாலையும் பெரும்பாலும் நின்றன. 2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல். மயிலத்தில் ஒரே நாளில் 50 சென்டிமீட்டருக்கும் மேல் மழை.

*

மரக்காணம். எயிற்பட்டினம் என்பது பழம்பெயர். சிறுபாணாற்றுப்படை பாடும் ஓய்மாநாட்டு நல்லியக்கோடனின் கடற்கரை ஊர் இது. அவன் தலைநகர் கிடங்கில், இன்றைய திண்டிவனம். பூமீஸ்வரர் கோயில் சுவரில் சோழர் கல்வெட்டுகள். பக்கிங்காம் கால்வாயின் தென்முனையும் இங்கேதான். மேற்கே கழுவெளி: பழவேற்காட்டுக்கு அடுத்து தமிழகக் கரையின் பெரிய உவர்நீர்ப் பரப்பு. 2021-ல் 5,151 ஹெக்டேர் பறவைகள் சரணாலயமானது. 2024-ல் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. ஆரோவில் மேட்டில் விழும் மழையில் ஒரு பகுதி சுற்றி வளைந்து கழுவெளிக்குத்தான் வருகிறது. அங்கிருந்து இடையன்திட்டு முகத்துவாரம் வழியாகக் கடல். மேடும் உப்பளமும் ஒரே தண்ணீரின் இரண்டு முனைகள்.

உப்பளத்தில் வேலை தை, மாசியில் தொடங்கும். பாத்தி கட்டி, தரையைக் காலால் மிதித்து இறுக்கி, உவர்நீரைப் பாத்தி பாத்தியாக நகர்த்திக் காய விடுவார்கள். நீர் கெட்டியாகி உப்புப் பூக்கும். பலகையால் வாரிக் கரையில் குவித்து, கீற்று போட்டு மூடுவார்கள். இடையில் ஒரு மழை வந்தால் போயிற்று. மேட்டில் மழைக்காகக் கரை கட்டுகிறார்கள். இங்கே மழை வரக் கூடாது என்று வானத்தைப் பார்க்கிறார்கள்.

பகல் பதினொன்றுக்கு வெள்ளைத் தரையின் கூச்சம் தாங்காமல் கீற்று நிழலில் ஒதுங்கினேன். ஒரு ஆயா சோற்றுத் தூக்கைத் திறந்துகொண்டிருந்தார். எங்கிருந்து வருகிறேன் என்று கேட்டார். ஆரோவில் பக்கம் என்றேன்.

"எனக்குத் தாய்வீடு இடையன்சாவடிதான் தம்பி. கல்யாணம் கட்டி இங்க வந்துட்டேன்."

சிறுமியாக இருந்தபோது கன்றுகளுக்குத் தண்ணீர் ஊற்றும் வேலைக்குப் போனாராம். கிணற்றிலிருந்து குடம் குடமாக மேட்டுக்கு. ஒரு கன்றுக்கு ஒரு குடம்; நாள் முழுக்க. வெள்ளைக்காரம்மா ஒருவர் கூடவே தண்ணீர் தூக்குவாராம், ஆளுக்கு முன்னால் களைத்துப் போவாராம், ஆனால் விடமாட்டாராம்.

"இப்போ பெரிய காடாயிடுச்சு ஆயா. வெயிலே உள்ள விழறதில்ல," என்றேன்.

அவர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. சோற்றைப் பிசைந்தபடி கேட்டார்: "அந்தக் கெணத்துல இப்போ தண்ணி எத்தன அடியில கெடக்கு?"

அடுத்த வாரம் அவர் சொன்ன அடையாளம் வைத்துத் தேடிப் போனேன். ஏரிப் பக்கம் இறங்கும் வண்டித்தடம், இடதுபுறம் இரட்டைப் பனை. கிணறு இருக்கிறது. வாயில் இரும்பு வலை போட்டிருக்கிறார்கள். ஒரு கல்லை உள்ளே விட்டுப் பார்த்தேன். சருகின் மேல் விழுந்தது. பத்தடி தள்ளி ஆழ்துளைக் கிணற்றின் நீலக் குழாய், மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது.